காதர் பாய் கடை வேகம்

இந்த ஊரில் ஒரு பாட்டுக் கடை இருக்கிறது. அதில் பாட்டுச் சத்தம் கிடையாது. முதல் தடவை உள்ளே போனபோது கரண்ட் போய்விட்டது என்றுதான் நினைத்தேன். சனிக்கிழமை காலை, கடை நிறைய ஆட்கள். மரப்பெட்டிகளில் நிறுத்தி வைத்திருந்த இசைத்தட்டுகளை ஆளாளுக்கு விரலால் ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒரு அட்டை இன்னொன்றின்மேல் சாயும் சத்தத்தைத் தவிர வேறு சத்தமில்லை. சுவரோரம் நாலைந்து பேர் காதில் கனத்த ஹெட்போனை மாட்டிக்கொண்டு, பல்வலிக்காரர்கள் மாதிரி கண்ணை மூடி நின்றார்கள். ஒருவர் தலையை வெட்டி வெட்டி ஆட்டினார். எதற்காக ஆட்டுகிறார் என்பது அவருக்கு மட்டும்தான் தெரியும். கடைக்காரர் பெயர் ரூடி. கம்பளிக் குல்லாய், நரைத்த தாடி. நான் ஏதோ ஒரு தட்டை எடுத்து நீட்டி, போட்டுக் காட்டச் சொன்னேன். ஹெட்போனை எடுத்துக் கையில் கொடுத்தார். "எனக்கு மட்டும் வேண்டாம், கடைக்குப் போடுங்கள்" என்றேன், எனக்குத் தெரிந்த ஜெர்மனில். அவர் கோபப்படவில்லை. உண்மையிலேயே புரியாமல் கேட்டார்: "மற்றவர்கள் எதற்கு அதைக் கேட்க வேண்டும்?" ஹெட்போனை வாங்கி மாட்டிக்கொண்டேன். தமிழில் கேட்டிருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன்.

நான் இருப்பது சுவிட்சர்லாந்தில் விண்டர்தூர் என்கிற ஊர். ராஜபாளையத்தில் ஒரு நூற்பு மில்லில் எலக்ட்ரீஷியனாக இருந்தவன். இந்த ஊரில் செய்த இயந்திரங்களை எங்கள் மில்லில் கொண்டுவந்து நிறுத்தியபோது கூடமாட நின்று வேலை பார்த்தேன். அந்தப் பழக்கம் என்னை இங்கே இழுத்து வந்துவிட்டது. வேலை நல்ல வேலை. ஊரும் நல்ல ஊர். எல்லாம் சொன்ன நேரத்துக்கு நடக்கும். ரயில் வரும், குப்பை வண்டி வரும், பனியும் வரும். எங்கள் கட்டடத்தில் யார் எந்தக் கிழமை துணி துவைக்கலாம் என்பதற்குக்கூட முறை உண்டு. ஞாயிற்றுக்கிழமை சுவரில் ஆணி அடித்தால் கீழ்வீட்டு அம்மாள் மேலேறி வந்துவிடுவார். இவ்வளவு அமைதியில் மனிதன் எப்படி உயிரோடு இருக்கிறான் என்று வந்த புதிதில் எனக்கு ஆச்சரியமாக இருக்கும். பிறகு நானே செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு மாடிப்படி ஏறப் பழகிவிட்டேன்.

ரூடியின் கடைக்கு வருகிறவர்கள் ஒரு தட்டை எடுத்தால் முதலில் அட்டையின் மூலைகளைத் தடவிப் பார்ப்பார்கள். பிறகு தட்டை உருவி விளக்குக்குக் கீழே சாய்த்துப் பிடிப்பார்கள். கீறல் இருக்கிறதா, கைரேகை இருக்கிறதா, நடு ஓட்டையைச் சுற்றித் தேய்மானம் இருக்கிறதா? பெண் பார்க்க வந்த மாமியார்கூட அவ்வளவு உற்றுப் பார்த்திருக்க மாட்டாள். யாருமே தொடாத தட்டுக்குத்தான் இங்கே மரியாதை. பாட்டு எப்படி என்பது கடைசிக் கேள்வி. சிலர் அதைக் கேட்பதே இல்லை.

ஸ்ரீவில்லிபுத்தூரில் தேரடிக்குப் பக்கத்துத் தெருவில் காதர் பாய் கடை இருந்தது. பெயர்ப்பலகை கிடையாது, தேவையும் இல்லை. கடையின் நெற்றியில் தெருவைப் பார்த்து ஒரு குழாய் ஸ்பீக்கர் கட்டியிருப்பார். அந்தச் சத்தத்தைப் பிடித்துக்கொண்டு வந்தால் கடை வந்துவிடும். உள்ளே சுவர் முழுக்க ரிக்கார்டு அட்டைகள், தூசி விழாமல் பிளாஸ்டிக் உறை போட்டு ஆணியில் தொங்கும். எண்பதுகளின் நடுவில் நான் ராஜபாளையத்திலிருந்து வார லீவு நாளில் பஸ் ஏறி அங்கே போய்விடுவேன். எனக்கு அப்போது ரிக்கார்டுக் கிறுக்கு. ஊருக்கு ஊர் மைக்செட்காரர்கள் கேசட்டுக்கு மாறிக்கொண்டிருந்த காலம். கழித்துப் போடுகிற தட்டுகளை எல்லாம் தேடித் தேடி வாங்கி வருவேன். "இந்தத் தோசைக்கல்லையெல்லாம் எங்க கொண்டு போடப் போற? ஒண்ணுல தோசையாவது வருமா?" என்பாள் அம்மா. வாங்கியதை அரிசிப் பானைக்குப் பின்னால் ஒளித்து வைத்த நாட்கள் உண்டு.

பாய் கடையில் ஒரு ரிக்கார்டை நினைத்த மாத்திரத்தில் வாங்கிவிட முடியாது. எந்தத் தட்டைக் கேட்டாலும் முதலில் குழாயில் போடுவார். தெரு கேட்க வேண்டும். நாமும் கடைப் படியில் நின்று தெருவோடு சேர்ந்து கேட்க வேண்டும். போகிற வருகிறவர்கள் தீர்ப்புச் சொல்வார்கள். ஒருதரம் நான் ஆசைப்பட்டு எடுத்த தட்டின் இரண்டாவது பாட்டிலேயே எதிரில் பூக்கட்டிக்கொண்டிருந்த அம்மா குரல் கொடுத்துவிட்டார்கள்.

"பாய், இது என்னா பாட்டு? எழவு வீட்டுல இருக்கிற மாதிரில்ல இருக்கு. அடுத்த பக்கத்தைப் போடுங்க."

அடுத்த பக்கமும் தேறவில்லை. பாய் முள்ளைத் தூக்கி வைத்துவிட்டு, வெல்வெட் துணியால் தட்டைத் துடைத்து, என்னிடம் தராமல் ஆணியிலேயே மாட்டினார்.

"தெருவுக்குப் பிடிக்கல தம்பி. வேற பாப்போம்."

"எனக்குப் பிடிச்சிருக்கே பாய்."

"ஒருத்தருக்கு மட்டும் பிடிச்சா அது பாட்டில்ல தம்பி, ரகசியம். ரகசியத்தை நான் விக்கிறதில்ல."

வியாபாரம் தெரியாத மனிதர் என்று அப்போது சிரித்திருக்கிறேன். ஆனால் அந்தக் கடையில் கூட்டம் குறைந்து நான் பார்த்ததில்லை. புரட்டாசி சனிக்கிழமையில் மலைப் பெருமாளைப் பார்க்கத் திருவண்ணாமலைக்குப் போகிற கூட்டம் அந்தப் பக்கமாகத்தான் போகும். (எங்கள் ஊர்த் திருவண்ணாமலையைச் சொல்கிறேன்; பெரியதை நினைத்துக்கொள்ளாதீர்கள்.) அன்றைக்கு விடியும்போதே பாய் பெருமாள் பாட்டைப் போட்டுவிடுவார். தாமதமானால் கோவில் தெருக்காரர்கள் வந்து கதவைத் தட்டுவார்கள். கல்யாண நாட்களில் கடைத் தட்டுகள் மைக்செட்டோடு வாடகைக்குப் போய்விடும். திரும்பி வரும்போது உறைக்குள் மல்லிகை இதழ் கிடக்கும், சந்தன விரல் பட்டிருக்கும், ஒன்றிரண்டு கீறலும் விழுந்திருக்கும். பாய் அதைக் குறையாகவே நினைத்ததில்லை. "நாலு கல்யாணம் பாத்த தட்டு தம்பி இது" என்று பெருமையாக எடுத்துக் காட்டுவார். ரூடி அதைப் பார்த்தால் துக்கம் விசாரிக்க வருவார்.

ரிக்கார்டிலிருந்து கேசட்டில் பதிந்து கொடுப்பது பாய்க்குப் பெரிய தொழில். வாடகைக்குப் போன தட்டுகள் திரும்பி வந்து சேரவே பொழுது சாய்ந்துவிடும் என்பதால், பதிவெல்லாம் விளக்கு வைத்த பிறகுதான். கதவைப் பாதி சாத்திவிட்டு உட்காருவார். தெருவில் பெண் பிள்ளைக்குக் கல்யாணம் என்றால் பாய் மொய் எழுத மாட்டார். ஒரு கேசட் கொடுப்பார். என்னென்ன பாட்டு என்று கல்யாணப் பெண்தான் சொல்ல வேண்டும், அப்பனோ மாப்பிள்ளையோ அல்ல. அதற்காக அந்தப் பெண் ஒரு சாயங்காலம் கடைக்குள் வந்து, ஸ்டூலில் உட்கார்ந்து, வேண்டியதைப் போடச் சொல்லிக் கேட்கலாம். மற்ற நாளில் அந்தக் கடைக்குள் பெண் பிள்ளைகள் கால் வைக்க மாட்டார்கள். எதிர் வாசலில் நின்று கேட்பதோடு சரி. ஆக, அந்தத் தெருப் பெண்களுக்குக் கல்யாணம் என்றால் பாதி சந்தோஷம் அந்த ஸ்டூல்தான் என்று வசந்தா சொல்லுவாள்.

வசந்தா என் மனைவி. பாய் கடைக்கு நேர் எதிர் வீட்டுப் பெண். எங்களுடையது பெரியவர்கள் பார்த்து முடித்த கல்யாணம்தான். வாராவாரம் படியில் நின்ற ஆளை அவள் ஜன்னல் வழியாகப் பார்த்திருக்கிறாள் என்பதும், "அந்த ஒப்பாரிப் பாட்டுக்காரரா!" என்று சிரித்திருக்கிறாள் என்பதும் பிறகுதான் தெரிந்தது. கல்யாணச் சீரோடு அந்தக் கேசட்டும் ராஜபாளையத்துக்கு வந்தது. அங்கிருந்து தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எங்களோடு விமானம் ஏறி இங்கேயும் வந்தது. என்னுடைய ரிக்கார்டுகளில் ஒன்றைக்கூடக் கொண்டுவர முடியவில்லை. எல்லாவற்றையும் பாய் கடையில் வைத்துவிட்டுத்தான் வந்தேன்.

அந்தக் கேசட்டில் இரண்டாவது பக்கம் கடைசியில் ஒரு பாட்டு. படம் ஓடவில்லை, ஓடாத படத்தில் யாரும் பெரிதாகச் சொல்லாத பாட்டு. முதலில் புல்லாங்குழல், பிறகு பாடுகிற அந்தம்மாவின் முனகல், அப்புறம்தான் சொற்கள் வரும். பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னால் நீங்கள் உடனே உங்களுக்குத் தெரிந்தபடி பாடிப் பார்ப்பீர்கள், நான் சொல்ல வருவது கெட்டுப்போகும். வசந்தா அந்தப் பாட்டோடு சேர்ந்து பாடிக்கொண்டுதான் எல்லா வேலையும் செய்வாள். நடுவில் குரல் மேலே ஏறுகிற ஒரு இடம் உண்டு. அங்கே கையில் இருக்கிற கரண்டியோ துணியோ அப்படியே நிற்கும். ஏறி முடித்த பிறகுதான் வேலை தொடரும். நான் செகண்ட் ஷிப்ட் முடிந்து வந்து கதவுக்கு வெளியே நின்றால், எந்த இடத்தில் இருக்கிறாள் என்று தெரியும்.

இங்கே வந்த மூன்றாம் குளிர்காலத்தில் கேசட் அறுந்தது. பிளேயர் நாடாவை இழுத்துத் தின்றுவிட்டது. பென்சிலை விட்டுச் சுற்றி, நகப்பூச்சு வைத்து ஒட்டி, என்னென்னவோ செய்து பார்த்தேன். அந்தப் பாட்டு இருந்த பகுதி பொரியல் மாதிரி நொறுங்கிக் கிடந்தது. அவள் அழவில்லை, கோபப்படவும் இல்லை. பாடுவதை நிறுத்திவிட்டாள், அவ்வளவுதான். அப்போது அவள் வயிற்றில் எங்கள் பிள்ளை இருந்தாள். வெளியே நாலு மணிக்கே இருட்டிவிடும். நான் வேலைக்குப் போனால் அவளோடு பேச அந்தக் கட்டடத்தில் ஒரு ஆள் கிடையாது. கீழ்வீட்டு அம்மாள் "க்ரூட்ஸி" என்று வணக்கம் சொல்வதோடு சரி. ஒருநாள் சாப்பிடும்போது சொன்னாள்.

"பிரசவத்துக்கு ஊருக்குப் போறேங்க."

"போ. அதுதானே முறை. எப்ப திரும்பி வர?"

அவள் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தாள்.

எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. வெளிப்படையாகச் சொல்கிறேன்: போனால் திரும்பமாட்டாள் என்று தோன்றிவிட்டது. என் அப்பாவின் தங்கை ஒருத்தி பம்பாயிலிருந்து பிரசவத்துக்கு என்று எங்கள் ஊர்ப் பக்கம் தேவதானத்துக்கு வந்தவள், பிறகு பம்பாய் என்ற பேச்சையே எடுக்கவில்லை. மாமாதான் கடைசியில் வேலையை விட்டுவிட்டு வந்து வயலில் இறங்கினார். எனக்கு வயலும் கிடையாது. கெஞ்சிக் கேட்டால் வசந்தா இருந்திருப்பாள்தான். ஆனால் அப்படி அவளை இருக்க வைக்க எனக்கு மனம் வரவில்லை. கேட்காமலேயே அவள் வர வேண்டும். என்ன செய்வது என்று தெரியாத ஆள், செய்ய முடிந்ததைத்தானே செய்வான்? நான் அந்தப் பாட்டைத் தேடப் புறப்பட்டேன்.

ஊருக்குப் போன் போட்டதில், பாய் தட்டுகளையெல்லாம் விற்றுவிட்டார் என்று தெரிந்தது. மெட்ராஸிலிருந்து யாரோ வேனோடு வந்து மொத்தமாக ஏற்றிக்கொண்டு போயிருக்கிறார்கள், என்னுடையதையும் சேர்த்து. அவரைச் சொல்லிக் குற்றமில்லை. நான்தான் "வித்தாலும் சரி, வச்சாலும் சரி" என்று சொல்லிவிட்டு வந்திருந்தேன். அந்த நாட்களில் வெள்ளைக்காரர்களுக்கு நம் சினிமா இசைத்தட்டுகள்மேல் ஒரு ஆசை கிளம்பியிருந்தது. மெட்ராஸ் வேனில் ஏறிய தட்டுகள் கப்பலில் ஏறி லண்டனுக்கும் பாரிசுக்கும் போய்க்கொண்டிருந்தன. நானும் ரிக்கார்டுகளும் ஒரே பக்கமாகத்தான் வந்திருக்கிறோம், தனித்தனியாக. ரூடியிடம் போய்ப் படத்தின் பெயரைச் சொன்னேன். அவர் அதை எழுத்துக் கூட்டி எழுதிக்கொண்டு, சூரிச்சில் ஒருவருக்கும் பாரிசில் ஒருவருக்கும் போன் செய்தார். எதற்காக என்று அவர் கேட்கவே இல்லை. ஒரு தட்டை ஒருவன் தேடுகிறான் என்பதே அவருக்குப் போதுமான காரணம். பனி உருகத் தொடங்கிய ஒரு சனிக்கிழமை, கவுண்டருக்குக் கீழேயிருந்து எடுத்து என் முன்னால் வைத்தார். அதே அட்டை. கதாநாயகி சாய்ந்து நிற்கிற படம். உள்ளே தட்டு கண்ணாடி மாதிரி பளபளவென்று இருந்தது. "யாருமே கேட்காத தட்டு" என்றார் ரூடி, பெருமையோடு.

பழைய சாமான் கடையில் ஒரு பிளேயர் வாங்கி வைத்திருந்தேன். வசந்தாவை உட்கார வைத்து முள்ளை இறக்கினேன். புல்லாங்குழல் வந்தது. அவள் முகத்தில் வெளிச்சம் வந்தது, நான் பார்த்தேன். முனகல் வந்தது. அவளும் சேர்ந்துகொள்ள வாயைத் திறந்தாள், நிறுத்தினாள். மறுபடி சேர்ந்தாள். அந்த மேல் இடம் வந்தபோது அவள் குரல் பாதியில் உடைந்து நின்றுவிட்டது.

"இது இல்லீங்க."

"என்ன இல்ல? அதே படம், அதே பாட்டு. அட்டையப் பாரு."

"அட்டைய வச்சு என்ன பண்ண? எனக்குச் சேர வரல. இது வேற யாரோ பாடுறாக. என்னமோ பஸ்ஸுக்கு நேரமான மாதிரி."

மறுபடி போட்டேன். எனக்கும் அப்போது ஏதோ இடித்தது. என்ன என்றுதான் தெரியவில்லை. வேறு யாரையோ பாடவைத்த பதிப்போ, அச்சில் கோளாறோ என்று நினைத்தேன். வசந்தா எழுந்து போய் ஜன்னலோரம் நின்றுகொண்டாள். இத்தனை நாள் தேடியது வீணாகிவிட்டதே என்பதைவிட, அவள் ஒரு நிமிடம் சந்தோஷப்பட்டு ஏமாந்தாளே என்பதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அடுத்த சனிக்கிழமை தட்டை எடுத்துக்கொண்டு ரூடியிடம் போனேன். "ஃபால்ஷ்" என்றேன். தப்பு என்று அர்த்தம். அவர் தட்டை விளக்கில் காட்டி இரண்டு பக்கமும் பார்த்தார்.

"ஒரு கீறல்கூட இல்லையே."

"கீறல் இல்லை. வேகமாகப் பாடுகிறது."

"உங்கள் பிளேயர் கெட்டிருக்கும்."

தன்னுடைய பிளேயரில் போட்டார். தட்டின் ஓரத்தில் துண்டுக் காகிதம் ஒன்றைச் செருகி, கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி சுற்றுகளை எண்ணினார். கடையில் இருந்த இன்னும் இரண்டு பேர் தாங்களாகவே வந்து தங்கள் கடிகாரத்தையும் பார்த்து எண்ணினார்கள். எண்ணி முடித்து மூவரும் ஒரே நேரத்தில் தலையாட்டினார்கள். "கெனாவ்" என்றார் ரூடி. மிகச் சரி என்று அர்த்தம். இந்த ஊரில் அந்தச் சொல்லுக்கு மேல் அப்பீல் கிடையாது. "வேகம் சரி. தட்டு சரி" என்றார். மீதி இருந்தது நான்தான். அதை அவர் சொல்லவில்லை, மரியாதைக்காரர்.

வீட்டில் வந்து நடந்ததைச் சொன்னபோது வசந்தா சிரித்தாள், பல நாளைக்குப் பிறகு. கடிகாரம் பார்த்த மூன்று பேரை நான் நடித்துக் காட்டியதற்கும் சேர்த்துத்தான். பிறகு, "நானும் வாரேன் ஒருநாளு, அந்தக் கடைக்கு" என்றாள். அதற்கடுத்த வாரம் கோட்டைப் போட்டுக்கொண்டு, வயிற்றைத் தாங்கியபடி என்னோடு நடந்து வந்தாள். ரூடி அவசரமாக ஒரு ஸ்டூலை எடுத்துப் போட்டார். அவள் அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், உட்கார்ந்தாள். ஹெட்போனை அவள் காதில் மாட்டி ரூடி பாட்டைப் போட்டார். அவள் கண்ணை மூடவில்லை. கூரையில் எரிந்த விளக்கையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தக் கடையில் தட்டைப் பரிசோதிப்பதற்கென்று கண்ணைக் கூசும் விளக்குகள் போட்டிருப்பார் ரூடி. பாட்டு முடிவதற்குள் ஹெட்போனைக் கழற்றிவிட்டாள்.

"ஏங்க, பாய் எப்பப் பதிவாரு?"

"சாயங்காலம்."

"சாயங்காலம் நம்ம தெருவுல பல்பு எப்படி எரியும்?"

எனக்கு ஒரு நொடி ஓடவில்லை. ஓடியதும் நெற்றியில் அடித்துக்கொள்ளலாம் போல் இருந்தது. ஊரில் இருக்கிறவர்களுக்கு விளக்கிச் சொல்லத் தேவையில்லை. அந்த வருடங்களில் பொழுது சாய்ந்தால் எங்கள் பக்கத்தில் கரண்ட் எப்படி இருக்கும் என்று உங்களுக்கே தெரியும். வீடுகளில் விளக்குப் போடுவார்கள், தோப்புகளில் பம்புசெட் ஓடும், ராஜபாளையம் மில்கள் எல்லாம் மூச்சைப் பிடித்துக்கொண்டு இழுக்கும். பல்பு பழுத்த எலுமிச்சை நிறத்தில் டிம்மாக எரியும். பாயின் ரிக்கார்டு பிளேயர் பழைய காலத்து மோட்டார். கரண்டு குறைந்தால் அதுவும் தளர்ந்துதான் சுற்றும். கேசட் பதிகிற பெட்டியோ புதுசு, அது தன் வேகத்தில் ஓடும். பாட்டு கொஞ்சம் தளர்ந்து, சுருதியும் இறங்கி, அப்படியே நாடாவில் ஏறும். வருடக்கணக்காக அந்தத் தெருப் பெண்கள் எல்லாரும் வாங்கிப்போனது அந்தப் பாட்டைத்தான். நான் மில்லில் வோல்டேஜ் மீட்டரையே பார்த்துக்கொண்டு நின்ற ஆள். அந்த முள் இறங்கும்போது அந்தம்மாவின் குரலும் சேர்ந்து இறங்குகிறது என்று எனக்கு யார் சொல்லுவார்கள்?

இதை ஜெர்மனில் ரூடிக்குச் சொல்லிப் புரிய வைக்க நான் பட்ட பாடு தனி. கடைசியில் புரிந்ததும் அவர் பரிதாபப்பட்டார். "ஐயோ, அப்படியானால் இத்தனை வருடம் தப்பான பாட்டையா கேட்டீர்கள்! இனிமேல் சரியானதைக் கேட்கலாம்" என்றார். நான் மொழிபெயர்த்தேன். வசந்தா கையை நீட்டி அவருடைய பிளேயரின் பக்கவாட்டில் கூட்டல், கழித்தல் குறியோடு இருந்த ஒரு கட்டையைக் காட்டினாள். இரவு விடுதிகளில் பாட்டுப் போடுகிற இளவட்டங்களுக்காக அவர் வைத்திருந்த பிளேயர் அது. அந்தக் கட்டையை மேலும் கீழும் தள்ளினால் வேகம் கூடும், குறையும்.

"அதைக் கொறைக்கச் சொல்லுங்க."

ரூடி கட்டையின்மேல் கையை வைத்து மறைத்துக்கொண்டார். "கூடாது. பாடகி இப்படிப் பாடவில்லை. இது அவருக்குச் செய்கிற அவமரியாதை."

"அந்தம்மா எங்க நின்னு எப்படி வேணாப் பாடியிருக்கட்டும்," என்றாள் வசந்தா, நேராக அவரைப் பார்த்து, தமிழிலேயே. "எங்க தெருவுக்கு வந்து பாடும்போது இப்படித்தான் பாடினாக. சொல்லுங்க அவருகிட்ட."

சொன்னேன். ரூடி தாடியைத் தடவினார். பிறகு கையை எடுத்துவிட்டு நகர்ந்து நின்றார். வசந்தா ஹெட்போனை மறுபடி மாட்டிக்கொண்டு, ஒரு விரலால் கட்டையைத் தள்ளினாள். எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. தள்ளினாள், நிறுத்தினாள், செத்த மேலே ஏற்றினாள், மறுபடி ஒரு மயிரிழை இறக்கினாள். அவள் உதடு அசையத் தொடங்கியது. அந்தச் சத்தமில்லாத கடையில், எல்லாரும் அட்டை தள்ளிக்கொண்டிருந்த இடத்தில், என் மனைவி ஸ்டூலில் உட்கார்ந்து வாய்விட்டுப் பாடினாள். அந்த மேல் இடத்துக்கு ஏறினாள், ஏறி நின்றாள். நான் மூக்கைச் சிந்திக்கொண்டேன். ரூடி ஒரு பென்சிலை எடுத்து, கட்டை நின்ற இடத்தில் மெல்லிசாக ஒரு கோடு போட்டார்.

இந்த இடத்தில் கதையை முடித்தால் நன்றாகத்தான் இருக்கும். ஆனால் அவள் ஊருக்குப் போய்விட்டாள். டிக்கெட் முன்பே எடுத்தாயிற்று. ரூடியிடம் கேட்டு அந்த வேகத்தில் ஒரு கேசட் பதிந்து தரட்டுமா என்றேன். "அங்க போயி இதைக் கேக்கணுமா? அங்கதான் பாய் இருக்காரே" என்றாள். தட்டு என்னோடு இருந்தது, அவள் இல்லை. பிள்ளை பிறந்தாள், பெண் பிள்ளை, சுகம் என்று செய்தி வந்தது. மாதம் ஓடியது. பிள்ளை தலை நிற்கிறாள் என்று வந்தது, குப்புற விழுந்தாள் என்று வந்தது. வருகிறேன் என்று மட்டும் வரவில்லை. "பிள்ளை நடக்கட்டும் மாப்ள, அந்தக் குளிருல எதுக்கு?" என்றார் மாமியார். நியாயமான பேச்சு. நியாயமாக இருந்ததால் மறுத்துப் பேசவும் வழியில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தத் தட்டை எடுத்து அட்டையைப் பார்த்துவிட்டுப் போடாமல் வைத்துவிடுவேன்.

ஒருநாள் அவளே எஸ்.டி.டி. பூத்திலிருந்து கூப்பிட்டாள்.

"பாய் கடைக்குப் போயிருந்தேங்க, பிள்ளையத் தூக்கிக்கிட்டு."

"எப்படி இருக்காரு?"

"நல்லாருக்காரு. இப்ப பூரா சி.டி.தான். பழைய பிளேயரைக் காயலான் கடைக்குப் போட்டுட்டாராம். நம்ம பாட்டைக் கேட்டேன். கம்பெனிக் கேசட்டு ஒண்ணு எடுத்துக் குடுத்தாரு. அது உங்க ரூடி பாட்டுங்க. அதே ஓட்டம்."

"உங்க அக்காகிட்ட ஒரு கேசட் இருக்குமே?"

"அதுல பிள்ளைக பள்ளிக்கூடப் பாட்டப் பதிஞ்சு அழிச்சிருச்சுக. மேலத்தெரு மீனா கேசட்டும் போச்சாம். தெருவுல ஒருத்திகிட்டயும் இல்ல." பூத்துக்கு வெளியே ஆட்டோ ஒன்று போகிற சத்தம் கேட்டது. "சப்-ஸ்டேஷன் புதுசாப் போட்டிருக்காக. சாயங்காலம் பல்பு பளிச்சுன்னு எரியுது. எல்லாருக்கும் சந்தோசம். நான் பாய்கிட்டச் சொன்னேன், உங்க கரண்டு கொறஞ்சதாலதான் பாய் அந்தப் பாட்டு அப்படி இருந்துச்சுன்னு. அவருக்கு நம்பிக்கையே இல்ல. எம் பாட்டு எப்பவும் சரியாத்தாம்மா ஓடுச்சுங்காரு."

நான் ரிசீவரை மற்றக் காதுக்கு மாற்றிக்கொண்டேன். என்ன சொன்னாலும் கெஞ்சுகிற மாதிரி ஆகிவிடும்.

"அந்தப் பாட்டு இங்க இல்லீங்க," என்றாள். "அங்கதான் இருக்கு. ரூடி கோடு போட்டாருல்ல, அங்க. வாரேன்."

பிள்ளைக்கு அப்பா வேண்டும், அதனால் வருகிறேன் என்று சொல்லியிருக்கலாம், ஊரே மெச்சியிருக்கும். ஆனால் எனக்கு இவ்வளவு நம்பிக்கை வந்திருக்காது. மறுநாள் ரூடியிடம் போய் அந்தக் கோடு போட்ட பிளேயரையே விலைக்குக் கேட்டேன். எதற்கு என்று அவர் கேட்கவில்லை.

இப்போது அது எங்கள் வீட்டுக் கூடத்தில் இருக்கிறது. பென்சில் கோடு அழிந்துவிடக் கூடாது என்று வசந்தா அதன்மேல் ஒரு ஸ்டிக்கர் பொட்டு ஒட்டியிருக்கிறாள். அந்தப் பிளேயரில் ஒரு வசதி உண்டு: சுற்றுகிற தட்டின் விளிம்பில் வரிசையாகப் புள்ளிகள், பக்கத்தில் ஒரு சின்னச் சிவப்பு விளக்கு. வேகம் ரூடி சொல்கிறபடி சரியாக இருந்தால், அந்த வெளிச்சத்தில் புள்ளிகள் அசையாமல் நிற்கும். பொட்டில் கொண்டுவந்து வைத்தால், தட்டு முன்னால் சுற்றிக்கொண்டே இருக்க, புள்ளிகள் மெதுவாகப் பின்னால் நடக்கும். எங்கள் மகளுக்கு இப்போது நாலு வயது. கீழ்வீட்டு அம்மாளோடு ஜெர்மன் பேசுகிறாள், எங்களோடு ஸ்ரீவில்லிபுத்தூர் பேசுகிறாள். போன ஞாயிற்றுக்கிழமை மோவாயைப் பலகையில் வைத்து அந்தப் புள்ளிகளையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா, இது எந்தப் பக்கம் போகுது?"

வசந்தா பாடிக்கொண்டே துணி மடித்துக்கொண்டிருந்தாள். அந்த மேல் இடம் நெருங்கிக்கொண்டிருந்தது. நிறுத்தி, குனிந்து, மகளின் கன்னத்தோடு கன்னம் வைத்துத் தானும் பார்த்தாள்.

"தட்டு அங்கிட்டுப் போகுது. புள்ளி இங்கிட்டுப் போகுது" என்றாள். "செத்த பேசாம இரு, பாட்டு வருது."